வண்டி ஓட்டத் தெரிந்தால் மட்டும் போதாது

மும்பைத் தமிழருக்கு ஓட்டுநர் லைசென்ஸ் என்பது கைத்திறனுக்குக் கிடைக்கும் சான்று மட்டுமல்ல. முகவரி, படிப்பு, மொழி, மாநிலத்தில் வாழ்ந்த ஆண்டுகள் என வரிசையாக நிற்கும் கேள்விகளுக்குக் காகிதத்தில் தர வேண்டிய பதில்.

மும்பையில் ஆட்டோ ரிக்‌ஷாவுக்கு ஒரு லட்சுமணக் கோடு உண்டு. மேற்கே மாஹிம், கிழக்கே சயான். அதைத் தாண்டித் தெற்கே ஆட்டோ போக முடியாது. அங்கே டாக்ஸி ராஜ்யம். தமிழர்கள் அதிகம் வாழும் மூன்று பகுதிகள் இந்தக் கோட்டின் இரு பக்கமும் இருக்கின்றன. கோயிலும் சபாவும் காப்பிக் கடையுமாக இருக்கும் மாட்டுங்காவில் டாக்ஸிதான். செம்பூரில் ஆட்டோ. தாராவி ஏறக்குறைய கோட்டின் மேலேயே உட்கார்ந்திருக்கிறது.

இது கண்ணுக்குத் தெரியும் கோடு. சாலையில் நிற்கும் போலீஸ்காரருக்கும் தெரியும், சவாரி கேட்கும் பயணிக்கும் தெரியும். ஆனால் ஸ்டியரிங்கைப் பிடித்துப் பிழைக்க நினைப்பவர் அதற்கு முன்பே தாண்ட வேண்டிய கோடுகள் கண்ணுக்குத் தெரியாதவை. நீ எங்கே குடியிருக்கிறாய்? எதுவரை படித்தாய்? எந்த மொழி பேசுகிறாய்? இந்த மாநிலத்துக்கு எப்போது வந்தாய்? இவற்றில் ஒரு கேள்விகூட வண்டி ஓட்டுவது பற்றியது அல்ல. கடந்த பத்துப் பதினைந்து ஆண்டுகளில் இந்தக் கோடுகளில் சில அழிந்திருக்கின்றன. சில இடம் மாறியிருக்கின்றன.

சட்டம் கேட்பது என்ன?

1989 ஜூலை 1-ல் நடைமுறைக்கு வந்த 1988-ம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம்தான் நாடு முழுவதற்கும் பொது. லைசென்ஸைக் கொடுப்பது மாநில அரசின் அலுவலகம். கொடுக்கும் விதி மத்திய அரசுடையது. 18 வயது நிறைந்திருக்க வேண்டும். 50 சி.சி.க்கு மேற்படாத மோட்டார் சைக்கிளுக்கு மட்டும் 16 வயது போதும். லாரி, பஸ் போன்ற போக்குவரத்து வாகனம் என்றால் 20 வயது.

முதலில் பழகுநர் லைசென்ஸ். சாலைக் குறியீடுகள், விதிகள், விபத்து நடந்தால் ஓட்டுநரின் கடமை, ஆளில்லாத ரயில்வே கேட்டைக் கடக்கும் முறை, வண்டியில் வைத்திருக்க வேண்டிய ஆவணங்கள் என்று கேள்விகள் வரும். 60 சதவீதம் சரியாக இருந்தால் தேர்ச்சி. இந்த லைசென்ஸ் ஆறு மாதம் செல்லும். முப்பது நாள் கழித்துத்தான் ஓட்டிக் காட்டும் தேர்வுக்குப் போகலாம். எந்த வகை வண்டிக்கு லைசென்ஸ் கேட்கிறாரோ அதே வகை வண்டியை விண்ணப்பதாரர்தான் கொண்டு வர வேண்டும். மூன்று முறை தோற்றவர் அடுத்த முயற்சிக்கு 60 நாள் காத்திருக்க வேண்டும்.

உடல்நிலை பற்றிய படிவத்தில் ஒரு சுவையான கேள்வி உண்டு. நல்ல பகல் வெளிச்சத்தில் 25 மீட்டர் தூரத்தில் நிற்கும் காரின் நம்பர் பிளேட்டைப் படிக்க முடியுமா என்பது அது. கண்ணாடி போட்டுக்கொண்டு படித்தாலும் சரிதான். 40 வயதைத் தாண்டியவர்களுக்கும் போக்குவரத்து வாகனம் ஓட்டப் போகிறவர்களுக்கும் சொந்த உறுதிமொழி போதாது. டாக்டர் சான்றிதழ் வேண்டும்.

கட்டணமும் மலைக்க வைப்பதல்ல. 2016 டிசம்பரில் மத்திய அரசு திருத்திய விதிப்படி பழகுநர் லைசென்ஸுக்கு 150 ரூபாய், அதன் தேர்வுக்கு 50. ஓட்டிக் காட்டும் தேர்வுக்கு 300, லைசென்ஸ் வழங்க 200. இதற்கு மேல் மாநிலங்கள் கொஞ்சம் சேர்த்துக்கொள்வது உண்டு. ஆக, ஒரு வகை வண்டிக்கு ஆயிரம் ரூபாய்க்குள் முடிய வேண்டிய காரியம். ஆர்.டி.ஓ. வாசலில் அது எத்தனை ஆயிரம் ஆகிறது என்பது முகவரைப் பொறுத்த விஷயம். 2015-ல் மகாராஷ்டிரப் போக்குவரத்து ஆணையர் முகவர்களை அலுவலக வளாகத்துக்குள் விடக் கூடாது என்று உத்தரவு போடும் அளவுக்கு அவர்கள் ராஜ்யம் வளர்ந்திருந்தது.

தாராவி, மாட்டுங்காவாசிகளுக்கு தார்தேவ் அலுவலகம். வண்டி எண்ணில் எம்.எச். 01 என்று வருவது அதுதான். செம்பூர்க்காரர்களுக்கு வடாலா, எம்.எச். 03. அந்தந்த வட்டாரத்துக்காரர் அந்தந்த அலுவலகத்துக்குத்தான் போக வேண்டும் என்பது பழைய ஏற்பாடு. 2019-ல் சட்டம் திருத்தப்பட்டபோது மாநிலத்துக்குள் எந்த அலுவலகத்திலும் விண்ணப்பிக்கலாம் என்று ஆனது.

முகவரி என்னும் முதல் தேர்வு

தாராவிக்காரருக்கு உண்மையான தேர்வு இந்த அலுவலகத்தின் மைதானத்தில் நடப்பதில்லை. கவுன்ட்டரில் நடக்கிறது. குடியிருப்புக்கு அத்தாட்சி எங்கே?

ஏறத்தாழ இரண்டரைச் சதுர கிலோமீட்டருக்குள் லட்சக்கணக்கானவர்கள் வாழும் இடம் தாராவி. பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியிலிருந்தே திருநெல்வேலிப் பக்கமிருந்து வந்தவர்கள் இங்கே தோல் பதனிடும் தொழிலில் கால் ஊன்றினார்கள். நூறாண்டுக்கு மேல் வாழ்ந்தும், அந்தச் சந்துகள் பலவற்றுக்கு அரசாங்கத்தின் கண்ணில் முகவரி என்று ஒன்று கிடைக்கத் தாமதமானது. 1976-ல் மகாராஷ்டிர அரசு குடிசைவாசிகளைக் கணக்கெடுத்து புகைப்படத்துடன் அடையாள அட்டை கொடுத்தது. அந்த அட்டையைப் பத்திரப்படுத்தி வைத்திருக்கும் குடும்பம் பாக்கியசாலி. பிறகு வந்த அரசுகள் 1995, 2000 என்று வெட்டுத் தேதிகளை நகர்த்தின. ‘இந்தத் தேதிக்கு முன்பே இருந்தேன்’ என்று நிரூபிப்பதே தாராவியில் ஒரு முழுநேர வேலை.

இத்தனைக்கும் மோட்டார் வாகன விதிகள் இந்த விஷயத்தில் அவ்வளவு கல்நெஞ்சம் கொண்டவை அல்ல. வாக்காளர் பட்டியல், ஆயுள் காப்பீட்டுப் பாலிசி, பாஸ்போர்ட், பள்ளிச் சான்றிதழ், பிறப்புச் சான்றிதழ் என்று ஒரு பட்டியல் தருகின்றன. இவற்றில் எதுவும் இல்லை, அதற்குத் தக்க காரணமும் இருக்கிறது என்றால் நோட்டரி முன்பு கையெழுத்திட்ட பிரமாணப் பத்திரத்தையே அதிகாரி ஏற்கலாம். ‘ஏற்க வேண்டும்’ அல்ல, ‘ஏற்கலாம்’. அந்த ஒரு சொல்லின் இடுக்கில்தான் முகவர்கள் பிழைத்தார்கள்.

இன்னொரு சலுகை பலருக்குத் தெரியாமலே போனது. சட்டம் 1988-ல் எழுதப்பட்டபோதே குடியிருக்கும் இடத்தில் மட்டுமல்ல, தொழில் செய்யும் இடத்திலும், ஓட்டப் பழகும் பள்ளி இருக்கும் இடத்திலும் விண்ணப்பிக்கலாம் என்று சொன்னது. ‘நீ எந்த ஊர்க்காரன்?’ என்று கேட்கவே இல்லை. எங்கே இருக்கிறாய், எங்கே வேலை செய்கிறாய் என்றுதான் கேட்டது.

ஆதார் வந்த பிறகு காட்சி மாறியது. 2021 மார்ச்சில் மத்திய அரசு ஆதார் வழியாக அடையாளத்தை உறுதி செய்துகொண்டு 18 சேவைகளை ஆர்.டி.ஓ. அலுவலகத்துக்குப் போகாமலே பெற வழி செய்தது. அதே ஆண்டில் மகாராஷ்டிரமும் வீட்டிலிருந்தே பழகுநர் தேர்வு எழுத அனுமதித்தது. தாராவியில் பிறந்து, தாராவி முகவரியிலேயே ஆதார் வைத்திருக்கும் இளைஞருக்கு இது பெரிய விடுதலை. ஊரிலிருந்து வந்து மூன்று வருடமாகத் தையல் பட்டறையில் வேலை செய்பவரின் கதை வேறு. அவர் ஆதாரில் திருநெல்வேலி முகவரி இருக்கும். அதை மாற்ற மும்பையில் ஒரு முகவரிச் சான்று வேண்டும். வாடகைக்கு இருப்பவருக்கு அதை எழுதித் தர வீட்டுக்காரர் தயங்குவார். கவுன்ட்டர்தான் காணாமல் போனது, கேள்வி அப்படியே நிற்கிறது.

எட்டாம் வகுப்புச் சுவர்

அடுத்த கோடு படிப்பு. போக்குவரத்து வாகனம் ஓட்ட எட்டாம் வகுப்புத் தேர்ச்சி கட்டாயம் என்று மத்திய விதிகள் பல ஆண்டுகள் சொல்லி வந்தன. சொந்தக் கார் ஓட்டும் பணக்காரருக்கு இந்த நிபந்தனை கிடையாது. கூலிக்கு ஓட்டுபவருக்கு மட்டும். சிறு வயதிலேயே பள்ளியை விட்டுப் பட்டறைக்குப் போனவர்கள் நிறைந்த பகுதியில் இது எத்தனை பேரைக் கதவுக்கு வெளியே நிறுத்தியிருக்கும் என்று ஊகிக்கலாம்.

2019-ல் அந்த நிபந்தனை நீக்கப்பட்டது. ஹரியானா அரசு மேவாத் பகுதியின் ஏழை ஓட்டுநர்களுக்காக எழுப்பிய கோரிக்கை அதற்கு உடனடிக் காரணம். பலன் தாராவிக்கும் வந்தது. பள்ளிச் சான்றிதழைவிட பயிற்சியே முக்கியம் என்று அரசே ஒப்புக்கொண்டது.

அதற்கு முன்பே உச்ச நீதிமன்றம் இன்னொரு முடிச்சை அவிழ்த்திருந்தது. கார் லைசென்ஸ் வைத்திருப்பவர் டாக்ஸியோ சின்ன சரக்கு வண்டியோ ஓட்ட வேண்டுமானால் லைசென்ஸில் தனியாக ஒரு மேற்குறிப்பு வேண்டும் என்பது பழைய நடைமுறை. அது இல்லாத ஓட்டுநர் விபத்தில் சிக்கினால் காப்பீட்டு நிறுவனம் கையை விரிக்கும். 2017 ஜூலையில் முகுந்த் தேவாங்கன் வழக்கில் இந்தக் குறிப்பு தேவையில்லை என்று தீர்ப்பு வந்தது. காப்பீட்டு நிறுவனங்கள் விடவில்லை. விவகாரம் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வுக்குப் போனது. 2024 நவம்பர் 6-ல் அந்த அமர்வும் அதையே உறுதி செய்தது: 7,500 கிலோ வரையிலான போக்குவரத்து வாகனத்தை ஓட்ட சாதாரண இலகு ரக லைசென்ஸ் போதும். தாராவியிலிருந்து தோல் பையும் ஆயத்த ஆடையும் ஏற்றிச் செல்லும் சின்ன டெம்போக்களின் ஓட்டுநர்களுக்கு இதைவிட நேரடியான செய்தி வேறு இருக்க முடியாது.

மராத்தி தெரியுமா?

லைசென்ஸ் கையில் வந்துவிட்டது. டாக்ஸியோ ஆட்டோவோ ஓட்டிச் சம்பாதிக்கலாமா? முடியாது. இங்கேதான் விஷயம் தெரியாதவர்கள் குழம்புகிறார்கள். லைசென்ஸ் வேறு, பேட்ஜ் வேறு, பெர்மிட் வேறு. லைசென்ஸ் ஆளுக்கு, அது ஓட்டத் தெரியும் என்கிறது. பேட்ஜும் ஆளுக்குத்தான், பொதுமக்களை ஏற்றிச் செல்ல இவர் நம்பகமானவர் என்கிறது. பெர்மிட் வண்டிக்கு, அதை வாடகைக்கு ஓட்டும் உரிமை அது. முதலாவது நாடு முழுவதற்கும் பொது. மற்ற இரண்டிலும் மாநிலத்தின் கை ஓங்கியிருக்கிறது. போலீஸ் விசாரணை, ஊரின் பாதைகள் பற்றிய அறிவு, உள்ளூர் மொழி எல்லாம் இங்கேதான் நுழைகின்றன.

மும்பையில் மொழி வெறும் மொழியாக இருந்ததில்லை. 1966-ல் பால் தாக்கரே சிவசேனையைத் தொடங்கியபோது அதன் முதல் இலக்கு தென்னிந்தியர்கள். ‘மதராஸி’கள் மராத்தியரின் வேலைகளைப் பறிக்கிறார்கள் என்பது அன்றைய முழக்கம். பிறகு வட இந்தியர் பக்கம் கோபம் திரும்பியது. 2008-ல் டாக்ஸி ஓட்டுநர்கள் தெருவில் தாக்கப்பட்டார்கள். அடி வாங்கியவர்கள் உத்தரப் பிரதேச, பிகார்க்காரர்கள் என்றாலும் பழைய தமிழர்களுக்கு அறுபதுகள் நினைவுக்கு வராமல் இருந்திருக்காது.

2010 ஜனவரியில் முதல்வர் அசோக் சவானின் அமைச்சரவை, புதிய டாக்ஸி பெர்மிட் வேண்டுமானால் மராத்தி எழுதப் படிக்கத் தெரிய வேண்டும், மாநிலத்தில் 15 ஆண்டுகள் வாழ்ந்திருக்க வேண்டும் என்று முடிவு செய்தது. நாடெங்கும் எதிர்ப்பு கிளம்பவே, மறுநாளே முதல்வர் இறங்கி வந்தார். உள்ளூர் மொழி என்றால் இந்தியும் குஜராத்தியும் கூடத்தான் என்று விளக்கம் வந்தது. மும்பையில் பல தலைமுறையாகப் பேசப்படும் தமிழ் அந்த விளக்கத்தில் இல்லை.

2015 செப்டம்பரில் அன்றைய போக்குவரத்து அமைச்சர் திவாகர் ராவ்தே, மராத்தி பேசத் தெரிந்தவர்களுக்கே புதிய ஆட்டோ பெர்மிட் என்று அறிவித்தார். அடுத்த ஆண்டு பிப்ரவரியில் அது சுற்றறிக்கையானது. ஆட்டோ ஓட்டுநர்கள் நீதிமன்றம் போனார்கள். 2017 மார்ச்சில் பம்பாய் உயர் நீதிமன்றம் அந்தச் சுற்றறிக்கையை ரத்து செய்தது. பெர்மிட் வழங்க இப்படி ஒரு நிபந்தனை போடச் சட்டத்தில் இடமில்லை என்பது தீர்ப்பின் சாரம். மொழி அரசியல் அதோடு அடங்கிவிடவில்லை. பேச்சு அவ்வப்போது தலைதூக்குகிறது.

மறுபக்கமும் உண்டு. வண்டியில் ஏறும் மராத்திய மூதாட்டிக்கு ஓட்டுநரோடு பேச வேண்டும் என்பது நியாயமான எதிர்பார்ப்பு. சென்னையில் ஆட்டோவில் ஏறும் ஒருவர் தமிழை எதிர்பார்ப்பதைப் போல. லண்டனில் கறுப்பு டாக்ஸி ஓட்ட விரும்புபவர் சேரிங் கிராஸிலிருந்து ஆறு மைல் சுற்றளவில் உள்ள தெருக்களை மனப்பாடம் செய்து தேற வேண்டும். அந்தத் தேர்வுக்கே ‘அறிவு’ என்றுதான் பெயர். நகரம் தன் ஓட்டுநரிடம் நகர அறிவைக் கேட்கலாம். கற்றுக்கொண்டு பதில் சொல்ல முடியும். ஆனால் பதினைந்து ஆண்டு வசிப்பைக் கற்றுக்கொள்ள முடியாது. மொழி நிபந்தனையைவிட வசிப்பு நிபந்தனை கடுமையானது என்று சொல்வது இதனால்தான்.

தாராவியில் பிறந்து வளர்ந்த தமிழருக்கு மராத்தி ஒரு பிரச்சினையே அல்ல. பள்ளியில் படித்திருப்பார், தெருவில் பேசியிருப்பார். 2020-ல் வந்த சட்டம் மகாராஷ்டிரத்தின் எல்லாப் பள்ளிகளிலும் மராத்தியைக் கட்டாயமாக்கிவிட்டது. அவருக்குப் பதினைந்து ஆண்டும் பிரச்சினையல்ல, இருபத்தைந்தே ஆகியிருக்கும். அதை நிரூபிக்கும் காகிதம்தான் பிரச்சினை. சுற்றிச் சுற்றி மறுபடி முகவரிக் கவுன்ட்டருக்கே வந்து நிற்க வேண்டியிருக்கிறது.

பெர்மிட் விஷயத்தில் இன்னொரு இறுக்கமும் இருந்தது. மும்பையில் புதிய ஆட்டோ, டாக்ஸி பெர்மிட்டுகளின் எண்ணிக்கை 1997 முதல் கட்டுப்படுத்தப்பட்டிருந்தது. 2017-ல்தான் அந்தத் தடை விலகியது. இருபது ஆண்டு காலம் லைசென்ஸும் பேட்ஜும் இருந்தும் சொந்தப் பெர்மிட் கிடைக்காதவர்கள் அடுத்தவர் வண்டியை ஷிப்டுக்கு எடுத்து ஓட்டி, மாலையில் வாடகையைக் கொடுத்துவிட்டு மீதியை வீட்டுக்குக் கொண்டுபோனார்கள். தடை விலகியபோது தொழிலின் முகமே மாறியிருந்தது. ஓலாவும் ஊபரும் வந்துவிட்டன. 2023 அக்டோபர் 30-ல் பிரீமியர் பத்மினி டாக்ஸியும் மும்பைச் சாலையிலிருந்து விடைபெற்றது.

செம்பூரின் டேங்கர் லாரி

மாநில விதிகள் மொழியை இப்படிப் பார்த்தால், மத்திய விதிகள் எப்படிப் பார்க்கின்றன என்பதற்குச் செம்பூரில் பதில் இருக்கிறது. ஐம்பதுகளில் டிராம்பே, மாஹுல் பக்கம் எண்ணெய் சுத்திகரிப்பு ஆலைகள் வந்தன. பெட்ரோல், எரிவாயு டேங்கர்கள் வரிசையாக நிற்கும் வட்டாரம் அது. ஓட்டுநர் தொழிலில் மிக ஆபத்தானது இதுதான்.

ஆகவே இங்கே விதியும் கடுமை. போக்குவரத்து வாகன லைசென்ஸ் மட்டும் போதாது. அபாயகரமான சரக்கைக் கையாள மூன்று நாள் பயிற்சி முடித்த சான்றிதழ் வேண்டும். 2024 தீர்ப்பின் சலுகைகூட இவர்களுக்குப் பொருந்தாது. மொழி விஷயத்தில் விதி சொல்வது கவனிக்கத்தக்கது: அரசியல் சாசனத்தின் எட்டாவது அட்டவணையில் உள்ள ஏதாவது ஒரு இந்திய மொழியும் ஆங்கிலமும் எழுதப் படிக்கத் தெரிந்திருக்க வேண்டும்.

ஏதாவது ஒரு மொழி. தமிழும் அதில் அடக்கம். டேங்கரின் மேல் எழுதியிருக்கும் எச்சரிக்கையை, அவசர காலக் குறிப்பைப் படித்துப் புரிந்துகொள்ள முடியுமா என்பதுதான் கேள்வி. ஓட்டுநர் எந்த மாநிலத்தில் பிறந்தார் என்பது பெட்ரோலுக்குத் தெரியாது. ஆபத்து அதிகமுள்ள இடத்தில் சட்டம் தேவையான கேள்வியை மட்டும் கேட்கிறது. அரசியல் லாபம் அதிகமுள்ள இடத்தில்தான் தேவையற்ற கேள்விகள் பெருகுகின்றன.

ஆளுக்கு எல்லை இல்லை, வண்டிக்கு உண்டு

ஊரிலிருந்து வருபவர்கள் அடிக்கடி கேட்கும் சந்தேகம் ஒன்று: தமிழ்நாட்டு லைசென்ஸ் மும்பையில் செல்லுமா? தாராளமாகச் செல்லும். சட்டத்தின் 13-வது பிரிவு லைசென்ஸ் இந்தியா முழுவதும் செல்லுபடியாகும் என்று தெளிவாகச் சொல்கிறது. திருநெல்வேலியில் வாங்கிய லைசென்ஸை வைத்து செம்பூரில் கார் ஓட்டலாம். புதிதாக எடுக்க வேண்டியதில்லை. ஆனால் திருநெல்வேலிப் பதிவு எண்ணோடு காரைக் கொண்டுவந்து பன்னிரண்டு மாதத்துக்கு மேல் வைத்திருந்தால் மகாராஷ்டிர எண் வாங்க வேண்டும்.

மறந்துவிடக் கூடாத இன்னொன்று காலக்கெடு. இருபது ஆண்டு அல்லது ஐம்பது வயது வரை என்று பழைய லைசென்ஸில் இருந்த கணக்கு 2019 திருத்தத்தில் மாறிவிட்டது. முப்பது வயதுக்குள் எடுத்தால் நாற்பது வயது வரை. முப்பதிலிருந்து ஐம்பதுக்குள் என்றால் பத்து ஆண்டு. ஐம்பதிலிருந்து ஐம்பத்தைந்துக்குள் என்றால் அறுபது வயது வரை. அதற்கு மேல் ஐந்தைந்து ஆண்டு. போக்குவரத்து வாகன லைசென்ஸுக்கு மூன்றாக இருந்தது ஐந்து ஆண்டானது. லைசென்ஸ் இல்லாமல் ஓட்டினால் அதே திருத்தப்படி அபராதம் 5,000 ரூபாய், முன்பு 500. பதினெட்டு வயதாகாத மகனிடம் சாவியைக் கொடுத்து அவன் குற்றம் செய்தால், பெற்றோருக்கு மூன்று ஆண்டு வரை சிறையும் 25,000 ரூபாய் அபராதமும் உண்டு. மகனுக்கு இருபத்தைந்து வயது வரை லைசென்ஸ் கிடைக்காது.

சட்டைப் பையில் ஒரு குடியுரிமை

தாராவியில் லைசென்ஸ் வாங்குபவர்கள் எல்லோரும் வண்டி ஓட்டுவதற்காகத்தான் வாங்குகிறார்கள் என்று சொல்ல முடியாது. புகைப்படம், பிறந்த தேதி, முகவரி மூன்றும் ஒரே அட்டையில் அரசு முத்திரையோடு இருப்பது சாமான்ய விஷயமல்ல. வாக்குச் சாவடியில் வாக்காளர் அட்டைக்குப் பதிலாகக் காட்டக்கூடிய ஆவணங்களில் அதுவும் ஒன்று. முகவரி இல்லை என்று விரட்டப்பட்டவருக்குக் கடைசியில் முகவரியைக் கொடுப்பதும் அதே அட்டைதான்.

இப்போது தாராவியே இடம் மாறும் வேளை. 2022 நவம்பரில் அதானி குழுமம் மறுசீரமைப்பு ஏலத்தை வென்றது. 2024-ல் வீடு வீடாகக் கணக்கெடுப்பு தொடங்கியது. 2000 ஜனவரி 1-க்கு முன்பிருந்தே தரைத்தளத்தில் இருப்பதை நிரூபிப்பவருக்குத் தாராவிக்குள்ளேயே வீடு. பிறகு வந்தவர்களுக்கு நகரின் வேறு மூலை. பெட்டிக்கு அடியில் கிடந்த பழைய காகிதங்கள் எல்லாம் வெளியே வந்திருக்கின்றன. அவற்றில் தொண்ணூறுகளில் எடுத்து, பிளாஸ்டிக் உறையில் மஞ்சளித்துப் போன லைசென்ஸும் இருக்கலாம். ஓட்டத் தெரியும் என்று அன்று அரசு எழுதிக் கொடுத்த அட்டை, இங்கேதான் இருந்தேன் என்று இன்று அரசிடமே சொல்ல வேண்டியிருக்கிறது.

படிப்புக் கோட்டை அரசே அழித்தது. பெர்மிட்டின் மொழிக் கோட்டை நீதிமன்றம் அழித்தது. மேற்குறிப்புக் கோட்டை உச்ச நீதிமன்றம் அழித்தது. முகவரிக் கோட்டை அழிக்க நீதிமன்றத்தால் முடியாது. அதற்குக் குடியிருக்க ஒரு வீடும், அதை ஒப்புக்கொள்ளும் ஓர் அரசாங்கமும் வேண்டும்.